நிஷா வரைந்து கொடுத்த ஹெல்மெட்

ஆம்பூரில் ஒரு ஷூ கம்பெனியில் வெட்டுவதற்குத் தோலில் பேட்டர்ன் வரையும் பிரிவில் நிஷா வேலை செய்தாள். தோலின்மேல் வெள்ளிநிற மைப் பேனாவால் அவள் எதை வரைந்தாலும் அது நிஜமாகவே எழுந்து வந்துவிடும். ஆனால் அவள் கைபட்டுப் புழங்கிய பொருள்தான் வரும். வந்ததும், அந்தப் பொருளோடு ஒட்டியிருந்த நினைவெல்லாம் அவளை விட்டுப் போய்விடும்.

இது தெரிய வந்தது ஒரு குக்கரால். அம்மா இறந்த வருஷம் அம்மாவும் நிஷாவும் புழங்கிய குக்கர் வெடித்துப்போனது. நிஷா கழிவுத் தோல் துண்டு ஒன்றில் விளையாட்டாக அதை வரைந்தாள். தோல் புடைத்தது, கனத்தது, குக்கராகி மடியில் உட்கார்ந்தது. அக்கா எஸ்தர் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள். நிஷாவோ, "இது யாருதுக்கா?" என்று கேட்டாள்.

அன்றைக்கு எஸ்தர்தான் வழி சொன்னாள். "இனிமே வரையறதுக்கு முன்னாடி எல்லாத்தையும் என்கிட்ட சொல்லிடு. வரைஞ்சப்புறம் நான் ஒண்ணு விடாம திருப்பிச் சொல்றேன்."

அப்படித்தான் நடந்தது. மிக்ஸி, தையல் மெஷின், இறந்துபோன அப்பாவின் கைக்கடிகாரம் என்று வீட்டுக்கு வேண்டியதையெல்லாம் நிஷா வரைந்தாள். எஸ்தர் கேட்டு வைத்துக்கொண்டு திருப்பிச் சொன்னாள். சொல்லக் கேட்டது நினைவாகத் திரும்பாது. இருந்தாலும் தனக்கு என்னென்ன நடந்தது என்றாவது தெரிந்ததே, அது போதும் என்றிருந்தாள் நிஷா. எஸ்தருக்குக் கல்யாணம் ஆனபோது தங்கையையும் கூடவே கூட்டிக்கொண்டு போனாள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, சர்ச்சிலிருந்து வந்ததும் எஸ்தர் கழுத்தைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

"வண்டியில போனாலே வலி உயிர் போவுதுடி. உன் ஹெல்மெட் எவ்ளோ லேசா இருக்குது! அது மாதிரி இப்ப கடையில வர்றதே இல்லையாம். ஒண்ணு வரைஞ்சு குடேன்."

நிஷா தயங்கினாள். "அக்கா, அதுல ஒருத்தர் இருக்காரு."

"யாரு?"

அதுவரை யாரிடமும் சொல்லாததை நிஷா அன்றைக்குச் சொன்னாள். அவன் பெயர் தமிழ்வேந்தன். காட்பாடியில் ரயில்வே வேலை. இப்போது பயிற்சிக்காகத் திருச்சிக்குப் போயிருக்கிறான். ஹெல்மெட் அவன் வாங்கிக் கொடுத்தது. பாலாற்றுப் பாலத்தில் போனதும், ஏலகிரி வளைவுகளில் பயந்து அவன் சட்டையைப் பிடித்துக்கொண்டதும் எல்லாமே அந்த ஹெல்மெட் போட்டுக்கொண்டுதான். சொல்லும்போது அவள் குரல் குழைந்தது. எஸ்தர் தங்கையின் கையைத் தன் மடியில் வைத்துக்கொண்டு கேட்டாள். அவள் கண்ணும் கலங்கியது.

"நல்ல புள்ளையாத்தான் தெரியுது. மாமாகிட்ட நான் பேசறேன். நீ பயப்படாம வரை. நான் இருக்கேன்ல?"

அம்மாவுக்குப் பிறகு தலைவாரிப் பின்னிவிட்ட கை அது. நிஷா வரைந்தாள்.

ஹெல்மெட் எழுந்து வந்தது. தான் சொன்னதெல்லாம் நிஷாவுக்கு மறந்துவிட்டது; கேட்கும்போது அக்கா கண் கலங்கியது மட்டும் நினைவிருந்தது. "சொல்லுக்கா" என்றாள்.

"இன்னா சொல்றது? போன கிறிஸ்மஸுக்கு பஜார்ல நாம ரெண்டு பேரும் போய் வாங்கினோம். நீ செவப்பு கேட்ட. நான்தான் நீலம் எடுத்துக் குடுத்தேன்."

"அவ்ளோதானா?"

"அவ்ளோதான்."

மறுநாள் நிஷாவின் போன் தண்ணீர் வாளியில் விழுந்து கெட்டுப்போனது. எஸ்தரே புதுப் போனும் புது சிம்மும் வாங்கிக் கொடுத்தாள். கொஞ்ச நாளில் மாமாவின் தம்பி தானியேலுக்கு நிஷாவைப் பேசினார்கள். வேண்டாம் என்று சொல்ல அவள் மனசில் எதுவும் இல்லை. சரி என்றாள்.

நிச்சயத்துக்கு முந்தின வாரம் ஷிஃப்ட் முடிந்து வெளியே வந்தவளை, கம்பெனி கேட் எதிரே பைக்கில் காத்திருந்த ஒருவன் மறித்தான்.

"நிஷா! இன்னா ஆச்சு உனக்கு? ஒரு போன் கூட இல்ல!"

"நீங்க யாரு?"

அவன் முகம் வெளுத்தது. "வீட்ல மிரட்டினாங்களா? தமிழ்வேந்தன்பா நான்." பதறிப்போய் தன் போனை எடுத்துக் காட்டினான். ஏலகிரி மலைப்பாதை. நீல ஹெல்மெட்டை இடுப்பில் இடுக்கிக்கொண்டு அவன் தோளில் சாய்ந்து சிரிக்கிறாள் நிஷா. தான் அப்படிச் சிரித்து அவளே பார்த்ததில்லை.

"இந்த ஹெல்மெட் யாரு வாங்கினது?"

"நான்தான். ரெண்டு கடை அலையவிட்டு நீதான் நீலத்த எடுத்த."

நிஷா போட்டோவை இன்னொரு முறை பார்த்தாள். அக்காவைக் கேட்க வீட்டுக்கு நடந்தாள்.

வீட்டில் எஸ்தர் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள்.

"அக்கா, அன்னிக்கு நான் உன்கிட்ட இன்னா சொன்னேன்?"

எஸ்தருக்குப் புரிந்துவிட்டது. கத்தியைக் கீழே வைத்தாள். "தானியேலக் கட்டினா நீ என் கூடவே இருப்ப. அவன் பின்னாடி நீ போயிட்டா தம்பிக்கு உன்னத்தான் கட்டணும்னு நிக்கற உங்க மாமா என்னய இந்த வீட்ல நிம்மதியா வுடுவாரா? உன் நல்லதுக்குந்தான் செஞ்சேன்."

"அழுதியேக்கா. நான் சொல்லச் சொல்ல அழுதியே."

"அது நெஜந்தான்டி. உக்காரு, இப்ப எல்லாத்தையும் சொல்றேன்."

எஸ்தர் சொல்ல ஆரம்பித்தாள். பாலம், மலை, சட்டை. நிஷா பாதியில் கையை நீட்டித் தடுத்தாள். இதில் எது நிஜம் என்று யாரைக் கேட்பது? இது மட்டுமா? அம்மா இப்படிச் சிரிப்பாள், அப்பா இப்படித் திட்டுவார் என்று இத்தனை வருஷம் எஸ்தர் சொல்லிச் சொல்லி அவள் நம்பி வைத்திருந்தது எல்லாமே இப்போது ஆட்டம் கண்டது.

"அம்மாவப் பத்தியாச்சும் நெஜத்த சொன்னியா?"

"சத்தியமா" என்றாள் எஸ்தர். அந்தச் சொல் நிஷாவின் காதில் விழுந்தது, உள்ளே போகவில்லை.

நிச்சயம் நின்றது. நிஷா காட்பாடியில் ஒரு பெண்கள் விடுதிக்குப் போய், அங்கிருந்து ரயிலில் வேலைக்கு வந்து போனாள். நடந்ததைக் கேட்டறிந்த தமிழ்வேந்தன் ஞாயிறுதோறும் வந்து பழசையெல்லாம் ஆசையோடு சொன்னான். அவன் சொன்ன ஒவ்வொன்றுக்கும், "போட்டோ இருக்குதா?" என்று அவளுக்குக் கேட்கத் தோன்றியது. இரண்டு மூன்று முறை கேட்டும்விட்டாள். அவன் வருவது குறைந்தது. ஒருநாள், "உன் மேல கோவம் இல்ல நிஷா. நீ யாரோ மாதிரி பாக்கறப்ப தாங்க முடியல" என்று சொல்லிவிட்டுப் போனான். அவனுக்காக அழ வேண்டும் என்று அவளுக்குத் தெரிந்தது. அழுகை வரவில்லை.

எஸ்தர் மீன்குழம்பு எடுத்துக்கொண்டு விடுதிக்கு வந்தபோது மட்டும், நிஷா மாடி ஜன்னலோரம் நின்று விம்மி விம்மி அழுதாள். கீழே இறங்கிப் போகவில்லை.