வீடியோக்காரரின் லைசென்ஸ்

இந்தக் காலத்தில் எவனும் பொருளை விற்கிறதில்லை. காசை வாங்கிக்கொண்டு, சாவியைத் தன் இடுப்பிலேயே செருகிக்கொண்டு போய்விடுகிறான். வீடியோக்காரர் காலையிலிருந்து இதைத்தான் புலம்பிக்கொண்டிருந்தார். டிவிடி தயாரிக்கிற சாஃப்ட்வேரைப் பதினைந்து வருடத்துக்கு முன்னால் பெட்டியோடு, ரசீதோடு வாங்கியவர். இன்று திறந்தால், லைசென்ஸ் வேலை செய்யவில்லை என்று ஒரு கட்டம் எட்டிப் பார்க்கிறது. அத்தோடு எல்லாம் மூடிக்கொள்கிறது.

அவருடைய அக்கா நாலு மணி ரயிலில் மகன் வீட்டுக்கு ஒரேயடியாகப் போகிறாள். தம்பி வீடியோ எடுத்த தன் மகளின் கல்யாணப் படம் கையில் இல்லாமல் ரயில் ஏறமாட்டாளாம். போனில் அனுப்பினால் பார்க்கத் தெரியாது. டிஸ்க் என்றால் பிளேயர் தட்டில் வைத்துத் தள்ளிவிடுவாள். "ஆறு மாசமா கேக்குறேன்டா. உன் வாயை நம்பினேன் பாரு, என்னைச் சொல்லணும்" என்று நேற்றே கடித்துவிட்டாள்.

சாஃப்ட்வேரை இரண்டு முறை அழித்து, மறுபடி ஏற்றிப் பார்த்தார். பூதக்கண்ணாடி வைத்துப் பெட்டியிலிருந்த எண்ணை ஒவ்வொன்றாகத் தட்டினார். அதே கட்டம்.

மதியச் சாப்பாட்டுக்கு ஆபீசிலிருந்து வந்த மருமகள், தோள்பையைக்கூடக் கழற்றாமல் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"லைசென்ஸைச் சரிபார்க்கன்னே உள்ளே தனியா ஒண்ணு ஓடிட்டிருக்கணும் மாமா. அது ஓடுதான்னு பார்ப்போம்."

கம்ப்யூட்டருக்குள் கண்ணுக்குத் தெரியாமல் ஓடுகிறவற்றின் நீளமான பட்டியல் ஒன்றைத் திறந்தாள். பாதியில் விரல் நின்றது.

"இதை நிறுத்தி வச்சிருக்கு. தானா இப்படி ஆகாது. யாரோ கை வச்சிருக்காங்க."

"கம்பெனிக்காரன்தான்! நான் அப்பவே சொல்லலை?"

"அவன் நம்ம வீட்டுக்கு வந்து, இதே நாற்காலியில உக்காந்து பண்ணினானா?"

வீடியோக்காரரின் பார்வை பக்கத்தில் கிடந்த நோட்டுக்குப் போனது. போன மாதம் கம்ப்யூட்டர் மெதுவாக ஓடியபோது, இதே பட்டியலில் தனக்குப் பேர் தெரியாத பதினொன்றை நிறுத்தியவர் அவர்தான். அதுவும் சும்மா இல்லை. நோட்டில் எழுதி, தேதி போட்டுக் கையெழுத்தும் போட்டிருந்தார். காவல்காரனைக் கட்டிப்போட்டுவிட்டு, கதவு திறக்கவில்லை என்று ஊரைக் கூட்டியவர் தாமேதான் என்று புரிந்தபோது, நோட்டை மெல்லத் தொடைக்கடியில் தள்ளினார்.

மருமகள் அதை உருவி எடுத்துப் படித்தாள்.

"'தெரியாத ஆள், நிறுத்தப்பட்டது.' ஒண்ணு, ரெண்டு... மாமா, பிரிண்டர் கெட்டுப்போச்சுன்னு கடைக்காரரைத் திட்டினீங்களே? அது இதுல நாலாவது."

"சரி சரி, சத்தமாப் படிக்காதே."

அவள் சிரிப்பை அடக்கிக்கொண்டு, நிறுத்தியதை ஓடவிட்டாள். சாஃப்ட்வேர் ஒன்றுமே நடக்காத மாதிரி திறந்தது. நாற்பது நிமிடத்தில் டிஸ்க் சுடச்சுட வெளியே வந்தது. அவர் அதை டிவியில் ஓட்டிப் பார்த்த பிறகுதான் உறையில் போட்டார்.

"இனிமே தெரியாததை எல்லாம் நிறுத்தாதீங்க மாமா."

"ராத்திரி பகலா உள்ளே உக்காந்து சரிபார்க்கிறானே, அவனுக்கு இதுல என்ன லாபம்? அதை மட்டும் சொல்லு."

"அது ஆள் இல்லை மாமா."

"அப்படித்தான் சொல்லுவாங்க," என்று செருப்பை மாட்டிக்கொண்டு, அக்காவின் ரயிலைப் பிடிக்கப் படியிறங்கினார்.