எசோஹேயின் வீட்டுக்காரர்

நைஜீரியாவின் பெனின் நகரத்துப் பள்ளியில் எசோஹே கணக்கு டீச்சர். வழியைக் காட்டாமல் விடையை மட்டும் எழுதும் பிள்ளைக்கு அவளிடம் மார்க் கிடையாது. ஆனால் பாஸ்டர் ஒமொருயி சொன்னதற்கு அவள் வழி கேட்கவில்லை. கண்ணும் காதும் தருவது மாம்ச அறிவு, அதை நம்பாதே, ஜெபத்தில் கேட்டதைப் பெற்றுக்கொண்டவளாகவே பேசு, நட, ஒருமுறை "இல்லை" என்று வாய் தவறினாலும் வருவது பாதி வழியில் திரும்பிவிடும் என்றார் அவர்.

முப்பத்தேழு வயது எசோஹே கேட்டது புருஷனை. மறுநாளே, அவளே வாங்கிய கல்யாண மோதிரம் விரலில் ஏறியது. வாசலில் ஆண் செருப்பு. ராத்திரி இரண்டு தட்டில் எபாக் களியும் எகுசிக் குழம்பும்.

"உன் வீட்டுக்காரர் சத்தமே போடுறதில்லையேடி. கொடுத்து வச்சவ," என்பாள் பக்கத்து வீட்டு உவைலா. அவளுக்கும் கல்யாணம் ஆகவில்லை.

ஜெனரேட்டர் பழுது பார்க்க ஒசாரோ வந்தான். அது ஓட ஆரம்பித்த பிறகும் இரண்டு முறை வந்து, இறுகியிருந்த திருகாணிகளையே இறுக்கினான். அவன் போன பிறகும் எசோஹே ஜன்னலை விட்டு நகரவில்லை. பயந்துபோய் பாஸ்டரிடம் ஓடினாள்.

"சோதனைம்மா இது. கண்ணுக்குத் தெரியுறவனுக்காக, கண்ணுக்குத் தெரியாதவர விட்டுடாத," என்றார் அவர்.

அடுத்த முறை ஒசாரோ வாசல் செருப்பைப் பார்த்துக்கொண்டே சொன்னான். "வீட்ல பொண்ணு பாக்குறாங்க மேடம். உங்கள மாதிரி யாராச்சும் இருந்தா, சார்கிட்டயும் கேட்டுச் சொல்லுங்க."

எனக்கு யாரும் இல்லை என்ற சொல் எசோஹேயின் தொண்டை வரை வந்தது. சொன்னால், ஆண்டவர் அனுப்பியவர் பாதி வழியில் திரும்பிவிடுவாரே.

"கேட்டுச் சொல்றேன்," என்றாள். உவைலாவின் வீட்டைக் காட்டிவிட்டாள்.

சோதனையை ஜெயித்ததாக ஞாயிற்றுக்கிழமை சபையில் சாட்சி சொன்னாள். எல்லோரும் கை தட்டினார்கள்.

உவைலாவின் கல்யாணத்தில் எசோஹேக்கு இரண்டு நாற்காலி போட்டிருந்தார்கள். மரியாதையா, குறும்பா, தெரியவில்லை. பாஸ்டர் மேடையில் பொண்ணு மாப்பிள்ளையை ஆசீர்வதித்துக்கொண்டிருந்தார். ஜோலோஃப் சோறு பரிமாறும் நேரத்தில், நல்ல உயரமான ஒருவர் வந்து காலி நாற்காலியில் கை வைத்தார்.

"இங்க ஆள் வர்றாங்களா?"

எசோஹே மேடையைப் பார்த்தாள். பிறகு அவரைப் பார்த்தாள்.

"இல்லங்க," என்றாள். "யாரும் இல்ல."

"ரொம்ப நன்றிங்க," என்று நாற்காலியைத் தூக்கிக்கொண்டு, தன் மனைவி நின்றிருந்த மேசைக்குப் போனார் அவர்.