குடும்பத்திலிருந்து நீக்கவா?

மூத்த மருமகள் மறுமணம் செய்துகொள்ளப்போகிறாள் என்று தெரிந்ததும் மாமியாருக்கு அடிவயிறு பற்றி எரிந்தது.

"புருஷன் போன ஈரம் காயல, அதுக்குள்ள அவளுக்கு மாப்பிள்ள கேக்குதா? டேய், நம்ம வீட்டுது ஒண்ணும் அவகிட்ட இருக்கக் கூடாது. எல்லாத்தையும் புடுங்கு."

பிடுங்க என்ன இருந்தது? சலவைக்கடையில் இஸ்திரி போட்டுத் தன் சோற்றைத் தானே தின்றவள். ஒரே ஒரு பெட்டியோடு வாடகை அறைக்குப் போய்விட்டாள். ஆனால் இளைய மகன் போன் கடை வைத்திருப்பவன். அப்படிப்பட்டவனுக்குக் கொலை செய்யக் கத்தி வேண்டாம். பாட்டுச் செயலிக்கு அவன்தான் சந்தா கட்டினான். குடும்பத் திட்டம் என்று வீட்டிலுள்ள எல்லோரையும் சேர்த்திருந்தான், அண்ணியையும்தான்.

அவளுக்குத் திருட்டுப் பாட்டு ஆகாது. அவள் புருஷன் கோரஸ் பாடிப் பிழைத்தவன். "ஓசியில கேக்குறது பாடுனவன் வயித்துல அடிக்கிறது" என்பான். சாகும் முன் ஒரே ஒரு பாட்டைத் தனியாகப் பாடினான். அவள் அதைச் செயலியில் முறைப்படி இறக்கிவைத்து, இஸ்திரிப் பெட்டியின் சூட்டில் வேர்க்க வேர்க்க தினமும் கேட்டாள். பிறகு அந்தப் பாட்டு நிறுவனம் மூடிப்போனது. பாட்டையும் செயலியிலிருந்து எடுத்துவிட்டார்கள். ஏற்கெனவே இறக்கிவைத்தவர்களுக்கு மட்டும், திட்டத்தில் இருக்கும்வரை அது ஓடும். இதை அவளுக்கு விளக்கியதே இளையவன்தான். "நான் இருக்கேன்ல அண்ணி, பத்திரமா இருக்கும்" என்று வேறு சொன்னான்.

அந்தப் பாவி தெரிந்தேதான் அவள் பெயரை அமுக்கினான். குடும்பத்திலிருந்து நீக்கவா என்று செயலி மரியாதையாகக் கேட்டது. ஆம் என்றான்.

"முடிஞ்சுதும்மா."

மாமியாருக்கு வயிறு குளிர்ந்தது. பிறகு குரலைத் தாழ்த்திக் கேட்டாள்.

"டேய், பெரியவன் பாட்டு ஒண்ணு உண்டே. அவ இங்க இருந்தப்ப துணி மடிச்சிக்கிட்டே போடுவா. நான் கதவுக்குப் பின்னால நின்னு கேப்பேன். அத உன் போன்ல கொஞ்சம் போடேன்."

அவன் அண்ணன் பாட்டை இறக்கியதும் இல்லை, முழுசாகக் கேட்டதும் இல்லை.

"அது அவகிட்ட மட்டுந்தாம்மா இருந்துச்சு. அவளே அழிச்சிட்டா. புதுசா ஒருத்தன் வரான்ல."

வாய் கூசவில்லை அவனுக்கு. அந்த நேரம் பார்த்து அவளே அழைத்தாள்.

"தம்பி, என் போன்ல பாட்டு எதையும் காணோம். கொஞ்சம் பாத்துச் சொல்றீங்களா?"

மாமியார் போனைப் பிடுங்கினாள். "அழிக்கிறதையும் அழிச்சிட்டு நாடகமா ஆடுற? என் புள்ளையோடதுன்னு மிஞ்சுனது அந்தக் குரல் ஒண்ணுதானடி! நீ நல்லாவே இருக்க மாட்ட!"

அந்தப் பக்கமிருந்து குரல் மெல்ல வந்தது.

"நானா அத்தை? காலையில துணிக்குத் தண்ணி தெளிச்ச ஈரக்கையோட போனத் தொட்டேன். ஏதோ தப்பா அமுக்கிட்டேன் போல." அவள் அழுதாள். "கல்யாணத்துக்கு முன்னாடி இந்தப் போனோட அந்தப் பாட்ட உங்ககிட்டயே குடுத்துடணும்னு இருந்தேன். நானே கெடுத்துட்டேன். மன்னிச்சிருங்க அத்தை."

இளையவன் அம்மாவின் கையிலிருந்து போனை வாங்கி அழைப்பைத் துண்டித்தான்.

"விடும்மா. அவ புத்தி அவ்வளவுதான்."