ஒக்னியான் செத்துப்போனதும் அதை நிறுவிய விதமும்

0.
உண்மையைச் சொல்லிவிடுகிறேன். பல்கேரியாவின் கப்ரோவோவில் என் பக்கத்து வீட்டுக் கதவில் ஒக்னியானின் மரண அறிவிப்பை ஒட்டியிருந்தார்கள். உள்ளே அவன் கணினியைத் திட்டிக்கொண்டிருந்தது வெளியே கேட்டது. நான் அறிவிப்பைக் கிழித்திருக்கலாம். கதை எழுத உட்கார்ந்துவிட்டேன்.

1.
"அன்று மழை தூறிக்கொண்டு..." தூறவில்லை. விடுங்கள்.

எங்கள் ஊரில் யாராவது செத்தால் படத்தோடு அச்சடித்துக் கதவிலும் மரத்திலும் ஒட்டுவோம். இப்போது அவை முதலில் ஒக்னியானின் இணையதளத்தில் வரும். அச்சகம் அதைப் பார்த்து அச்சடித்து ஒட்டிவிடும்.

அவன் தன் சர்வரில், தளத்தைக் கட்டளை அடிக்காமல் சொடுக்கியே நிர்வகிக்க உதவும் இலவசப் பேனல் ஒன்றை நிறுவிக்கொண்டிருந்தான். அது ஒரே கட்டளையில் தானாக ஏறிக்கொள்ளும், ஆனால் சர்வர் காலியாக இருக்க வேண்டுமாம்; அவனுடையதில் தளம் ஏற்கெனவே இருந்தது. கஞ்சத்தனத்துக்குப் பேர்போன ஊர் எங்களுடையது; இன்னொரு சர்வருக்குக் காசு கொடுப்பவன் கப்ரோவோக்காரனே அல்ல. ஆகவே லினக்ஸில் ஒவ்வொரு பாகமாகக் கையால் ஏற்றினான். நடுவில் தளம் ஓடுகிறதா என்று பார்க்க ஒரு சோதனை அறிவிப்புப் போட்டான். அடுத்தவன் பெயரைப் போடுவது பாவம் என்று தன் பெயரையே போட்டான்.

தளம் ஓடியது. அறிவிப்பை அழிக்கப் போனால், பேனல்தான் அவனை உள்ளே விடவில்லை.

2.
(லினக்ஸ் தெரிந்த வாசகர் கேட்பார்: கட்டளை ஒன்று அடித்து அழிக்கலாமே? நானும் கேட்டேன். "அப்புறம் பேனல் எதுக்குடா?" என்றான்.)

மாடிவீட்டு ஸ்தொயங்கா, எங்கள் ஊரில் செத்தவருக்காகப் பரிமாறும் அவித்த கோதுமையோடு துக்கத்துக்கு வந்தாள்.

"ஏண்டா, நீ செத்துட்டியாமே?"

"இல்லக்கா, அது சும்மா சோதனை."

"சர்க்கரை, அக்ரூட் எல்லாம் போட்டாச்சு. வீணாக்கச் சொல்றியா? வாய மூடிட்டு உக்காரு."

[இவள் மிகையான பாத்திரம் என்று வெட்டப் பார்த்தேன். எனக்கும் ஒரு கிண்ணம் கொடுத்தாள். இருக்கட்டும்.]

3.
அவன் மனைவி ருமேனா வேலையிலிருந்து வந்தாள். கையில் கிழித்தெடுத்த அறிவிப்பு.

"பஸ் ஸ்டாப் மரத்துல உன் மூஞ்சியப் பாத்தேன். அங்கேருந்து வீடு வரைக்கும் எப்படி நடந்து வந்தேன்னு தெரியுமா உனக்கு?"

"பேனல் மட்டும் தெறந்துடுச்சுன்னா..."

"அழிக்கிற கட்டளை ஒரே வரி. இப்பவே அடி. இல்லேன்னா விதவையாவே எங்கம்மா வீட்டுக்குப் போறேன்."

நான் கோதுமைக் கிண்ணத்தைக் கீழே வைத்தேன்.

4.
முதல் முடிவு: பேனல் திறக்கிறது, எல்லோரும் சிரிக்கிறார்கள். யாரும் நம்பமாட்டீர்கள், கோடு போட்டு அடித்துவிட்டேன்.

இரண்டாம் முடிவு: அவன் அந்த வரியை

அடித்துவிட்டான். என்டரை மட்டும் தட்டவில்லை. திரையில் பக்கத்துச் சன்னலில் பேனல், "மீண்டும் முயலவும்" என்கிறது. அவன் அதைப் பார்க்கிறான், அவளைப் பார்க்கிறான்.

மிச்சத்தை நீங்கள் எழுதுங்கள். கொஞ்சம் சீக்கிரம். வந்ததிலிருந்து ருமேனா இன்னும் செருப்பைக் கழற்றவில்லை.