சுவரைப் பார்த்து நிற்பவள்

செண்பகமங்கலத்தில் பார்க்க வேண்டிய இடங்கள் நான்கு. நான் பதினேழு காட்டுவேன்.

பூதப்பாண்டிக்கு அப்பால் ஒரு நாழிகை நடந்தால் எங்கள் ஊர். ஒரு காலத்தில் ராஜா இருந்த ஊர். இப்போது அவருடைய கோட்டையில் பாதியும், ஒரு குளமும், நாலு தெருவும், நடுவில் கோயிலும் மிச்சம். கோயிலின் வடக்கு மதில் மூலையில் எனக்கு வெற்றிலைக் கடை. செவ்வாய்க்கிழமை சந்தைக்கு வரும் வெளியூர் ஆட்களைக் கடை மந்தமான நேரத்தில் ஊர் சுற்றிக் காட்டிக் கதை சொல்லுவேன். கூலி ஒரு துண்டுக் கருப்பட்டி. முழுக் கருப்பட்டி கொடுத்தவர்களுக்கு ராஜாவுக்கு இன்னொரு ராணி உண்டு.

கோயிலுக்குள் மட்டும் கூட்டிப் போக முடியாது. எங்கள் சாதி ஆட்களுக்கு மதிலோடு சரி. ஆகவே வடக்கு மதிலுக்கு நாலு அடி தள்ளி எல்லாரையும் நிறுத்தி, உள்ளே இருப்பதை வெளியே நின்றே சொல்லுவேன். நான் உள்ளே போனதில்லை. அது எனக்கு ஒரு தடையாக இருக்கவில்லை.

பதினோரு வருசத்துக்கு முந்தி ஒரு செவ்வாய்க்கிழமை. சந்தையில் ஓலைப்பெட்டி விற்கும் பூங்கனி, விற்காத பெட்டிகளோடு கடைமுன் வந்து நின்றாள். முகம் வீங்கியிருந்தது. அவள் மகள் ஞானம் முந்தின வாரம்தான் ஒரு வார்த்தை சொல்லாமல் புருசனோடு சிலோன் தேயிலைத் தோட்டத்துக்குக் கப்பல் ஏறியிருந்தாள். போகும்போது வீட்டில் இருந்த ஒரே செம்புப் பானையையும் கொண்டுபோயிருந்தாள்.

"அண்ணாச்சி, உள்ள என்ன இருக்கு?" என்றாள், மதிலைக் காட்டி.

தெரியாது என்று சொல்லி எனக்குப் பழக்கமில்லை. "வடக்குப் பிரகாரத்துல வெளக்கேந்தி நிக்க கல்லுப் பொம்பளையளு உண்டு. எல்லாவளும் நடைபாதையைப் பாத்து நிப்பாளுவ. கிழக்கேயிருந்து மூணாவது தூண்ல ஒருத்தி மட்டும் சுவரைப் பாத்து நிக்கா" என்றேன்.

"அவ மட்டும் எதுக்கு?"

"சுவருக்கு இந்தப் பக்கம் நிக்கவங்களைப் பாக்கதுக்கு."

ஒரு கவுளி வெற்றிலை விற்கும் என்ற எண்ணத்தில் சொன்னது. அவள் வெற்றிலை வாங்கவில்லை. மதிலில் மூன்றாவது தூண் எங்கே வரும் என்று கேட்டாள். என் கடைக்கு இடப்பக்கம் கை நீட்டிக் காட்டினேன். அடுத்த செவ்வாய் அங்கே நின்று சுவரோடு பேசத் தொடங்கினாள்.

என் இடது காது கேட்காது என்று ஊரில் ஒரு பேச்சு உண்டு. கிளப்பியது நான்தான், ஓசியில் வெற்றிலை கேட்பவர்களுக்காக. ஆகையால் பூங்கனி குரலைத் தாழ்த்தாமலே பேசினாள். மகளைத் திட்டுவாள். மருமகனைத் திட்டுவாள். சம்மந்தக்காரியைப் பற்றி அவள் சொன்னதை இங்கே எழுத முடியாது. கடைசியில், "அவ முதல்ல ஒரு காயிதம் போடட்டு. அதுவரை நான் போடமாட்டேன். அவளுக்கு அந்தப் புத்தியக் கொடு தாயே" என்று கும்பிட்டுவிட்டுப் போவாள். பதினோரு வருசத்தில் வராத செவ்வாய் நாலோ ஐந்தோதான்.

போன ஐப்பசிக் கடைசியில் அரசாங்க விளம்பரம் வந்தது. இனி எல்லா இந்துக்களும் கோயிலுக்குள் போகலாம் என்று.

ஊரெல்லாம் வெடி போட்டார்கள். எனக்கு உட்கார்ந்தால் எழும்பத் தோன்றியது, எழும்பினால் நடக்கத் தோன்றியது. மறுநாள் காலையில் மேல்முண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு உள்ளே ஓடினேன். சாமியைப் பார்த்த நினைவில்லை. நேரே வடக்குப் பிரகாரம். விளக்கேந்திய கல்லுப் பெண்கள் உண்மையாகவே நின்றார்கள். எனக்கே ஆச்சரியம். எதிரும் புதிருமாக இரண்டு வரிசை. ஆனால் எல்லாரும் நடைபாதையைப் பார்த்து நின்றார்கள். மூன்றுமுறை சுற்றினேன். கண்ணை மூடித் திறந்தும் பார்த்தேன். எவளும் அசையவில்லை.

கோயில் காவல்காரர் பகவதியப்பன் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"வேய் தாணுலிங்கம், என்னத்தத் தேடுதீரு?"

"இந்தச் சிலையில ஒண்ணை அந்தப் பக்கமாத் திருப்ப முடியுமா?"

"தூணும் சிலையும் ஒரே கல்லு. உம்ம வீட்டு ஆட்டுக்கல்லுன்னு நெனச்சீரா? வெளிய போம்."

வந்த செவ்வாய்க்கிழமை பூங்கனி வந்தாள். குளித்துத் தலைமுழுகி, புதுச்சேலை உடுத்தி, கையில் ஒரு பெட்டி எலுமிச்சை விளக்கு. பெட்டிகளை விற்கக் கொண்டுவரவில்லை. கூடவே புதுக்கடை ஊரில் பலசரக்குக் கடை வைத்திருக்கும் பொன்னுலிங்கம், இரண்டு வண்டி நிறைய ஆட்களோடு வந்து இறங்கினான். அவனும் என்னிடம் முன்னே கருப்பட்டி கொடுத்து இந்தச் சிலையின் கதையைக் கேட்டவன்தான்.

"அண்ணாச்சி, இன்னைக்கு வெளிய நின்னு கதை பறையாண்டாம். உள்ள கூட்டிட்டுப் போயிக் காட்டணும்."

காலை ஒன்பது மணி. பதினொன்றரைக்கு நடை சாத்துவார்கள். என்னிடம் இருந்தது இரண்டரை மணி நேரமும் பதினேழு இடங்களும். அன்றைக்கு அதை இருபத்துமூன்றாக ஆக்கினேன்.

முதலில் கோட்டையின் கிழக்கு வாசல். கதவில்லாத வாசல் அது. "ராஜாவுக்குப் பொறுமை கிடையாது. கதவு தொறக்கது வரைக்கும் நிக்கமாட்டாரு. அதனால கதவே வைக்கல. எதிரி படையோட வந்து, இடிக்கதுக்குக் கதவத் தேடிப் பாத்தான். காணல. வெக்கப்பட்டுத் திரும்பிப் போயிட்டான்" என்றேன். எல்லாரும் சிரித்தார்கள். பூங்கனி சிரிக்கவில்லை.

"அண்ணாச்சி, கோயிலு இந்தப் பக்கமில்லா?"

"வழியிலதான் இருக்கு" என்று எதிர்த்திசையில் நடந்தேன்.

குளத்தங்கரையில் ஆமைக் கதை. முந்நூறு வயது ஆமை. மூன்று ராஜாக்களின் பட்டாபிசேகத்துக்கு வந்தது. நான்காமவருக்கு அழைப்பு வரவில்லை. அன்று தலையை உள்ளே இழுத்தது, இன்னும் நீட்டவில்லை. "ஆமையக் காணலியே" என்றது ஒரு குழந்தை. "கோவத்துல இருக்கு" என்றேன். பிறகு யானைக்குத் தண்ணீர் வைத்த கல்தொட்டி. பிறகு சுமைதாங்கிக் கல். அதில் வைக்கும் எந்தச் சுமையும் எடுக்கும்போது அரை வீசை குறையும் என்றேன். ஆளாளுக்கு மூட்டையை வைத்து எடுத்துப் பார்த்தார்கள். குறைந்ததாகத்தான் சொன்னார்கள். அதில் அரைமணி போயிற்று.

கடைசியாக ஒரு வெறும் பாறையைக் காட்டி, என்ன சொல்லலாம் என்று நான் வாயைத் திறப்பதற்குள் பூங்கனி முன்னே நடந்துவிட்டாள்.

"ஏட்டி பூங்கனி, இந்தப் பாறைக்க கதையக் கேளு!"

"பாறை நாளைக்கும் இருக்கும் அண்ணாச்சி. நடைய சாத்திருவாங்க."

அவள் பின்னால் பொன்னுலிங்கம் போனான். அவன் பின்னால் இரண்டு வண்டி ஆட்களும். கடைசியில் நான். ஊர் சுற்றிக் காட்டுகிறவன் எல்லாருக்கும் பின்னால் போனது அன்றுதான்.

பதினோரு மணி. நடை திறந்தே இருந்தது. பூங்கனி சாமி சன்னதியில் ஒரு கும்பிடு போட்டுவிட்டு, யாரையும் வழி கேட்காமல் வடக்குப் பிரகாரத்துக்குத் திரும்பினாள். சுவருக்கு வெளியே நின்றே அவளுக்கு அந்த இடம் தெரிந்திருந்தது. ஒன்று, இரண்டு என்று தூணைத் தொட்டுக்கொண்டே போனாள். மூன்றாவதில் நின்றாள்.

கல்லுப் பெண் நடைபாதையைப் பார்த்து நின்றிருந்தாள். பூங்கனி தூணுக்குப் பின்னால் போய்ப் பார்த்தாள். தூணுக்கும் சுவருக்கும் நடுவே வௌவால் புழுக்கைதான் கிடந்தது.

பொன்னுலிங்கம் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் ஓடி எல்லாச் சிலையையும் பார்த்துவிட்டு வந்தான். அவன் முகம் சிவந்தது.

"அப்படியாலே சங்கதி? நம்மள உள்ள விடதுக்கு முன்ன அவளப் பேத்து எடுத்துட்டானுவ!" என்று கத்தினான். பகவதியப்பனைப் பார்த்து, "ஓய், எங்க ஆளுவளப் பாத்துட்டு நின்ன சிலைய எங்க கொண்டு ஒளிச்சு வச்சியோ?" என்றான்.

"எந்தச் சிலைவே?" என்று பகவதியப்பன் தடியை எடுத்தார்.

பொன்னுலிங்கத்தின் ஆட்கள் அவரைச் சுற்றினார்கள். உள்ளூர்ப் பெரியமனிதர்கள் நாலைந்து பேர் சத்தம் கேட்டு வந்தார்கள். "இதுக்குத்தான் சொன்னோம், உள்ள விடாதீங்கன்னு" என்றார் ஒருவர், எல்லார் காதிலும் விழும்படி. திறந்து ஆறு நாள்கூட ஆகவில்லை. ஒரு கலகம் நடந்தால் போதும், மறுபடி சாத்துவதற்கு அவர்களுக்குக் காரணம் கிடைத்துவிடும். என் ஒரு கவுளி வெற்றிலைக்காக.

கல்தொட்டி உயரத்துக்கு இருந்த ஒரு மேடையில் ஏறினேன். கால் நடுங்கியது.

"மக்களே, கேளுங்க. அப்படி ஒரு சிலை கிடையாது. நான் சொன்னது பொய். அத சொல்லும்போ நான் உள்ளேயே வந்ததில்ல."

பொன்னுலிங்கம் என்னை உற்றுப் பார்த்தான். அவன் கண் கலங்கியது.

"அண்ணாச்சிய மிரட்டி வச்சிருக்கானுவலே! பாவம், கால் நடுங்குது பாருங்க!"

அறுபத்தெட்டு வயதில் முதல்முறையாக உண்மை சொன்னேன். அதன் பலன் பகவதியப்பனின் தடி இரண்டாகப் போனதுதான்.

யாரோ என் கையைப் பிடித்துக் கீழே இழுத்தார்கள். பூங்கனி.

"நெசமாவே இல்லியா?"

"இல்ல."

"அப்போ பதினோரு வருசமா நான் சொன்னத எல்லாம் யாரு கேட்டது?"

இதற்கு மட்டும் என்னிடம் கதை இல்லை. "நான்தான் கேட்டேன்" என்றேன்.

"ஒங்களுக்குத்தான் அந்தக் காது கேக்காதே?"

"கேக்கும்."

அவள் உதடு அசைந்தது. பதினோரு வருசத்தையும் முதலிலிருந்து நினைத்துப் பார்க்கிறாள் என்று புரிந்தது. "சம்மந்தக்காரியப் பத்திச் சொன்னதையுமா?"

"அத நீ ரெண்டுதடவ சொன்ன."

அடிப்பாள் என்று கன்னத்தைத் தயாராக வைத்திருந்தேன். அவள் அடிக்கவில்லை. தடியின் பாதி பொன்னுலிங்கத்தின் கையில் இருப்பதைப் பார்த்தாள். நடைவாசலில் பெரியமனிதர்கள் கூடுவதையும் பார்த்தாள். பிறகு மூன்றாவது தூணின் அடியில் எலுமிச்சை விளக்கை வைத்து ஏற்றிக்கொண்டே, சந்தையில் பெட்டி விலை கூவுகிற தொண்டையில் சொன்னாள்:

"ஏலே பொன்னுலிங்கம், கண்ணத் தொறந்து பாரு. அவ எங்கயும் போகல. திரும்பிட்டா. நாமதான் உள்ள வந்தாச்சே, இனி அவ சுவரப் பாத்துட்டு நிக்கது என்னத்துக்கு?"

பொன்னுலிங்கம் சிலையைப் பார்த்தான். தடியைக் கீழே போட்டான். முதலில் அவன் கும்பிட்டான், பிறகு இரண்டு வண்டியும் கும்பிட்டது. ஒரு பெண் குலவையிட்டாள். இப்போதெல்லாம் வருகிறவர்களுக்குப் பகவதியப்பனே அந்தச் சிலையைக் காட்டி, திரும்பியபோது கல் கிறீச்சிட்டதைத் தான் கேட்டதாகச் சொல்லுகிறார். அது பொய் என்றேன். என் கடையை எடுத்துவிடுவதாக மிரட்டினார்.

அன்று வெளியே வந்ததும் பூங்கனி என்னை நிறுத்தினாள்.

"கேட்டது நீங்கன்னா, செய்யவேண்டியதும் நீங்கதான். அவளுக்குக் காயிதம் எழுதுங்கோ. கேட்டத மட்டும் எழுதணும். ஒண்ணும் கூட்டப்பிடாது."

"நீ காயிதம் போடமாட்டேன்னுல்லா சபதம்?"

"நான் எங்க போடுதேன்? நீங்கல்லா போடுதியோ."

கடையிலேயே உட்கார்ந்து எழுதினேன். ஒவ்வொன்றையும் வாசித்துக் காட்டச் சொன்னாள். முதல் தாளில் பூங்கனி படுத்த படுக்கை. கிழித்தாள். இரண்டாவதில் செத்துப் பிழைத்தாள். கிழித்தாள். மூன்றாவதில் ராஜா குதிரையில் வந்து ஞானத்தைப் பற்றி விசாரித்தார். அதைக் கிழிக்குமுன் கொஞ்சம் யோசித்தாள். நான்காவது இதுதான்:

"ஞானத்துக்கு. உன் அம்மை பதினோரு வருசமாகச் செவ்வாய்க்கிழமைதோறும் வடக்கு மதிலைப் பார்த்து நின்று உன்னைத் திட்டினாள். செம்புப் பானையை நீயே வைத்துக்கொள்ளலாம் என்று இரண்டு வருசமாகச் சொல்லுகிறாள். கேட்டவன் தாணுலிங்கம்."

சம்மந்தக்காரியிடம் விலாசம் வாங்கி, நாகர்கோவிலுக்கு நடந்து போய்த் தபாலில் சேர்த்தேன். இப்போது தை பிறந்துவிட்டது. பூங்கனி செவ்வாய்க்கிழமைகளில் உள்ளே போய் விளக்குப் போடுகிறாள். சிலையிடம் ஒன்றும் பேசுவதில்லை. வெளியே வந்து என் இடது பக்கம் உட்கார்ந்து பேசுகிறாள். எனக்குத்தான் இருப்புக்கொள்ளவில்லை. வாரத்துக்கு இரண்டுமுறை நாகர்கோவிலுக்கு நடக்கிறேன். தபாலாபீசில் என்னைக் கண்டதும் கேட்குமுன்பே இல்லை என்று தலையை ஆட்டுகிறார்கள். கோட்டை வாசலில் ஆட்கள் கருப்பட்டியோடு காத்து நிற்கிறார்கள். ஆமைக் கதையைப் பாதியில் விட்டுவிட்டு ஓடுகிறேன்.

சிலோன் கடிதம் வரத் தாமதமாகும் என்று எல்லாரும் சொல்லுகிறார்கள். என் பயம் அதுவல்ல. அந்தத் தாளில் ஒரு பொய்கூட இல்லை. அந்தப் பெண் அதை எப்படி நம்புவாள்?