எமன் கேட்ட பெயர்

பதிவிரதா தர்மத்தைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் டைரக்டர் சின்னராஜுக்குச் சோறு தண்ணீர் வேண்டாம். அயோத்தியாப்பட்டணத்துக் கொட்டகையில் அவர் எடுத்த பேசும்படத்துக்கு நாடகக்காரிகள் ஆகாது, அசல் குடும்பப் பெண்தான் வேண்டும் என்று ராசிபுரத்து நெசவுக் குடும்பத்திலிருந்து சாரதாமணியைத் தேடிப் பிடித்தார். நோட்டீசிலும் அப்படியே கொட்டை எழுத்தில் போட்டுவிட்டார். அவள் புருஷன் குழந்தைவேல் தினமும் கூடவே வந்து காமிராவுக்குப் பின்னால் முக்காலியில் உட்கார்ந்திருப்பான்.

கடைசிக் காட்சி வரை ஒரு குறையுமில்லை. நாதா, சுவாமி என்று உருகித் தள்ளினாள். கடைசியில் எமன் வந்து, கணவன் பெயரைச் சொன்னால் உயிரைத் தருகிறேன் என்கிறான். செத்துக் கிடக்கும் கதாநாயகன் பெயரும் குழந்தைவேல். புருஷன் பெயரை வாயால் சொல்வதா என்று சாரதாமணி வாயை மூடிக்கொண்டாள்.

பெயரை மாற்றலாமென்றால், மாமனார் முதல் மாட்டுக்காரன் வரை முந்தைய காட்சிகளில் அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டாயிற்று. பேசும்படம், பேசினது பேசினதுதான். விடிந்தால் கொட்டகையைப் புகையிலை மண்டிக்காரருக்கு ஒழித்துக் கொடுக்க வேண்டும்.

புருஷனே சம்மதித்துவிட்டான், அவன் சொல்லைத் தட்டுவது பாவமில்லையா என்று டைரக்டர் பிரசங்கம் செய்தார். சாரதாமணி தலை நிமிராமல் கேட்டுக்கொண்டாள்.

"உங்க ஊட்டம்மா உங்க பேரை ஒருக்காச் சொல்லட்டுங்க. அப்புறம் நானும் சொல்றேனுங்க."

டைரக்டருக்கு வியர்த்தது. மனைவி பெரியநாயகி அவருக்கு அத்தை மகள்; கூடவே மண்ணில் புரண்டு வளர்ந்தவள். உத்தம ஸ்திரீகள் அப்படியெல்லாம் சொல்வதில்லை என்று அவர் இழுப்பதற்குள், சாப்பாட்டுத் தூக்கோடு அவளே உள்ளே வந்தாள்.

"ஏஞ் சின்னராஜு, சோறு ஆறிப்போவுது. எமனை உக்காரச் சொல்லிப்போட்டு வா."

எமன் வேஷக்காரன் ஒட்டுமீசையைக் கையால் பொத்திக்கொண்டான். டைரக்டர் யார் முகத்தையும் பார்க்காமல், ஆரம்பிக்கலாம் என்றார்.

காமிரா ஓடியது. எமன் கேட்டான். சாரதாமணி கண்ணை இறுக மூடிக்கொண்டு, ஆயுசில் முதல்முறையாக, "குழந்தைவேல்" என்றாள்.

"இந்தா வாரேன், அம்மிணி" என்று முக்காலியை விட்டு எழுந்தான் குழந்தைவேல்.

அதுவும் சேர்ந்தே பதிவாகிவிட்டது. இன்னொரு தரம் எடுக்கலாமென்று கெஞ்சினார்கள். சொன்னது சொன்னதுதான் என்று சாரதாமணி புருஷனைக் கூட்டிக்கொண்டு பஸ் ஏறிவிட்டாள்.

சேலத்தில் படம் ஓடியபோது, செத்தவன் வாயசைக்காமலே எங்கிருந்தோ பதில் வந்த இடத்தில் பெண்கள் விம்மி விம்மி அழுதார்கள். அந்த அசரீரி தமது சொந்த உத்தி என்று சின்னராஜ் மேடைமேடையாக விளக்கினார். பெரியநாயகி வராத மேடையாகப் பார்த்துத்தான்.