பொம்மிடியிலிருந்து பேசிய கண்ணம்மாள்

ரோசம்மா டி.வி. நிகழ்ச்சிக்குப் போன் போட்டு, தன் பெயரைக் கண்ணம்மாள் என்றும் ஊரைப் பொம்மிடி என்றும் சொன்னாள். நின்றதோ கம்பைநல்லூர் பக்கம், தன் வீட்டு மாட்டுக்கொட்டகையில். பொய் சொல்லாமல் என்ன செய்வாள், சொல்லுங்கள்? உள்ளே அதே நிகழ்ச்சியைத்தான் அவள் புருஷன் ஸ்தனிஸ்லாஸ் பார்த்துக்கொண்டிருந்தான்.

உள்ளூர் கேபிளில் வாராவாரம் மத்தியானம் நேரலையாக வருவது. மனநல டாக்டர் சுகுணா மாத்திரை பேரே எடுக்கமாட்டார். கனவைக் கேட்பார். மனசில் வருவதை அப்படியே சொல்லச் சொல்வார். மற்றபடி சும்மா இருப்பார்.

"டி.வி. சத்தத்தக் கொறச்சுட்டுப் பேசுங்கம்மா," என்றான் நிகழ்ச்சி நடத்தும் சந்திரமோகன்.

"அது பக்கத்து வூட்டு டி.விங்க."

கனவைச் சொன்னாள். வருஷக்கணக்காகப் படுக்கையில் கிடந்து செத்துப்போன மாமியார், டம்ளரால் கட்டில் காலைத் தட்டுகிறாள். தண்ணீர் வேண்டுமென்றால் அப்படித்தான் தட்டுவாள். அந்தச் சத்தத்தில் விழித்தால் அப்புறம் தூக்கமே இல்லை.

"தட்டுற சத்தம் கேட்டதும் மொதல்ல என்ன தோணுதுங்க?" என்றார் டாக்டர்.

ரோசம்மா பேசவில்லை. டாக்டரும் பேசவில்லை. டி.வி.யில் அத்தனை நேரம் யாரும் சும்மா இருந்து நீங்கள் பார்த்திருக்கமாட்டீர்கள். "ஒரு விளம்பரம் பாத்துட்டு..." என்று ஆரம்பித்த சந்திரமோகனை டாக்டர் கையமர்த்தினார்.

"மறுபடியும் வந்துட்டாங்களேன்னு தோணுதுங்க," என்றாள் ரோசம்மா. "அவங்க உசுரு போனப்ப அப்பாடான்னு இருந்துச்சுங்க. எல்லாரும் அழுவுறாங்க, நான் அடுப்படியில ஒக்காந்து ஆற அமரக் காப்பி குடிக்கிறேன். எங்க வூட்டுக்காரருக்கு ஆத்தான்னா உசுரு. தெரிஞ்சா என் மொகத்துலயே முழிக்கமாட்டாரு. எத்தன ஜெபமால சொன்னா இது தீருமுங்க?"

"ஜெபமாலையா? கண்ணம்மா, நீங்க..." சந்திரமோகன் இழுத்தான்.

"தண்டனை குடுக்கிறது என் வேலை இல்லம்மா," என்றார் டாக்டர். "அத்தன வருஷம் அவங்களப் பாத்துகிட்டது யாரு?"

"நாந்தானுங்க."

வீட்டுக்குள் டி.வி.யில் அவள் குரலே சற்றுப் பின்தங்கி வந்து, "எத்தன ஜெபமால" என்றது. உடனே டி.வி. சத்தம் நின்றுபோனது.

ஸ்தனிஸ்லாஸ் ரிமோட்டும் கையுமாகக் கொட்டகை வாசலில் நின்றான்.

"பொம்மிடிக்கு எப்பக் குடி போன?"

அவள் போனை முந்தானையில் மறைத்தாள். அவன் தவிட்டு மூட்டைமேல் உட்கார்ந்தான்.

"அன்னிக்கு எனக்கும் ஒரு டம்ளர் காப்பி கொண்டாந்து குடுத்தியே, நெனப்பிருக்கா? சக்கர பத்தலன்னு நான் கேட்டு வாங்கிப் போட்டுகிட்டேன், ரோசு. உள்ள ஆத்தாவக் குளிப்பாட்டிகிட்டு இருந்தாங்க."

அவள் நிமிர்ந்து பார்த்தாள். அவன் கையை நீட்டி போனை வாங்கினான்.

"டாக்டரம்மா, கண்ணம்மா வூட்டுக்காரன் பேசறேனுங்க."

"டி.வி. சத்தத்தக் கொறச்சுட்டீங்களா சார்?" என்றான் சந்திரமோகன்.

"நிறுத்தியே போட்டேனுங்க."

"சொல்லுங்க," என்றார் டாக்டர்.